மனு முடிந்தது... குறை முடிந்ததா?

அரசு அலுவலகம் வேலை செய்கிறதா என்பதை யார் அளக்கிறார்கள்? அளந்த பிறகு என்ன நடக்கிறது?

திங்கட்கிழமை காலை ஒன்பதரை மணி. தமிழ்நாட்டின் எந்த மாவட்ட ஆட்சியர் அலுவலகத்துக்குப் போனாலும் காட்சி ஏறக்குறைய ஒன்றுதான். வாசலோரம் மர நிழலில், மனு எழுதித் தருபவர்களைச் சுற்றிக் கூட்டம். மஞ்சள் பைக்குள் பழைய பத்திரம், ஆதார் ஜெராக்ஸ், போன தடவை கொடுத்த மனுவின் ரசீது, அதற்கு முந்தின தடவை கொடுத்ததன் ரசீது. வரிசை மெல்ல நகர்கிறது. நுழைவாயிலில் பெண் போலீஸார் ஒவ்வொரு பையையும் பிரித்துப் பார்க்கிறார்கள். தண்ணீர் பாட்டிலைக்கூடத் திறந்து முகர்ந்து பார்த்துவிட்டுத்தான் உள்ளே விடுகிறார்கள். அவர்கள் தேடுவது வெடிகுண்டை அல்ல, மண்ணெண்ணெயை.

இந்தக் கெடுபிடி இறுகியதற்குக் காரணம் 2017 அக்டோபர் 23. அதுவும் ஒரு திங்கட்கிழமைதான். கந்துவட்டிக் கொடுமை தாங்காமல் ஒரு கூலித் தொழிலாளியின் குடும்பம் திருநெல்வேலி ஆட்சியர் அலுவலக வளாகத்திலேயே தீக்கிரையானது. கணவர், மனைவி, இரண்டு சின்னஞ்சிறு பெண் குழந்தைகள். அதற்கு முன் அந்தக் குடும்பம் அங்கே பலமுறை மனு கொடுத்திருந்தது. மனுக்கள் காவல் துறைக்கு அனுப்பியும் வைக்கப்பட்டன. கந்துவட்டியைத் தடுக்க 2003 முதலே தனிச் சட்டமும் இருந்தது. காகிதத்தில் எல்லாம் முறைப்படி நடந்தது. குடும்பம்தான் மிஞ்சவில்லை.

குறைதீர்க்கும் நாள், முகாம், 1100 உதவி எண், இணையதளம் என்று மனு கொடுக்கும் வழிகள் பெருகிவிட்டன. வந்தவை இத்தனை, தீர்க்கப்பட்டவை இத்தனை என்று அறிவிப்புகளும் வருகின்றன. ஆனால், ‘தீர்க்கப்பட்டது’ என்று எழுதுவது யார்? அந்தக் கணக்கை யாராவது சரிபார்க்கிறார்களா? பொய்யென்று தெரிந்தால் யாருக்காவது ஏதாவது ஆகிறதா? இந்த மூன்று கேள்விகளுக்குள்தான் அரசு நிர்வாகத்தின் பொறுப்பு முழுவதும் அடங்கியிருக்கிறது.

சுற்றி வரும் காகிதம்

உங்கள் நிலத்துக்குப் பட்டா மாறுதல் கேட்டு மாதங்கள் ஆகின்றன. கிராம நிர்வாக அலுவலர் இழுத்தடிக்கிறார் என்பது உங்கள் புகார். ஆட்சியரிடம் மனு கொடுக்கிறீர்கள். கணினியில் பதிவாகிறது, எண் கிடைக்கிறது. ஆட்சியர் அலுவலகம் அதைக் கோட்டாட்சியருக்கு அனுப்புகிறது. அங்கிருந்து வட்டாட்சியர், அவரிடமிருந்து வருவாய் ஆய்வாளர். கடைசியில் அறிக்கை கேட்டு அந்த மனு யாரிடம் வந்து சேருகிறது? நீங்கள் யார் மீது புகார் சொன்னீர்களோ அதே வி.ஏ.ஓ.விடம். ‘மனுதாரர் உரிய ஆவணங்களைச் சமர்ப்பிக்கவில்லை’ என்று அவர் ஒரு வரி எழுதுகிறார். அந்த வரி, வந்த வழியே படியேறி மேலே போகிறது. உங்கள் செல்போனுக்குக் குறுஞ்செய்தி வருகிறது: மனு முடித்து வைக்கப்பட்டது.

தேர்வு எழுதியவரிடமே விடைத்தாளைத் திருத்தக் கொடுத்த கதைதான் இது. இதில் அந்த வி.ஏ.ஓ. நல்லவரா கெட்டவரா என்பது இரண்டாவது விஷயம். அமைப்பே அப்படித்தான் இருக்கிறது.

ஆய்வுக் கூட்டங்களில் கேட்கப்படுவது மூன்று எண்கள்: வரப்பெற்றவை, முடிக்கப்பட்டவை, நிலுவை. பட்டா கொடுத்து முடித்தாலும் கணக்கில் ஒன்று, முடியாது என்று தள்ளி முடித்தாலும் ஒன்று. பட்டா கொடுக்க நில அளவையர் போக வேண்டும், எல்லைக்காரரை விசாரிக்க வேண்டும், வாரக்கணக்கில் ஆகும். தள்ளுபடிக்கு ஒரு நிமிடம் போதும். நிலுவையைக் குறைக்கச் சொல்லி மேலிருந்து நெருக்கினால் கீழே இருப்பவர் எந்த வழியைத் தேர்ந்தெடுப்பார் என்று ஊகிக்கப் பெரிய ஆராய்ச்சி தேவையில்லை.

இதற்கிடையில் கெடு நாட்களும் வந்து சேர்ந்தன. 2021-ல் ‘உங்கள் தொகுதியில் முதலமைச்சர்’ திட்டத்தில் 100 நாள் என்றார்கள். 2023 டிசம்பரில் கோவையில் தொடங்கிய ‘மக்களுடன் முதல்வர்’ முகாம்களில் 30 நாள். 2025 ஜூலையில் சிதம்பரத்தில் தொடங்கிய ‘உங்களுடன் ஸ்டாலின்’ முகாம்களில் 45 நாள். மத்திய அரசின் குறைதீர்ப்பு இணையதளத்திலும் 30 நாளாக இருந்த கெடு 2024-ல் 21 நாளாகக் குறைக்கப்பட்டது. வேகம் நல்லதுதான். ஆனால் நாளை மட்டும் அளந்தால் நாள் மட்டும்தான் குறையும்.

2025 ஆகஸ்ட் இறுதியில் சிவகங்கை மாவட்டம் திருப்புவனத்தில், முகாமில் மக்கள் கொடுத்த மனுக்கள் வைகை ஆற்றில் மிதந்தன. செய்தி ஊரெல்லாம் பரவி, வருவாய்த் துறை ஊழியர்கள் மீது நடவடிக்கையும் வந்தது. ஆற்றில் மிதந்ததால் அவை கண்ணில் பட்டன. கணினிக்குள் ஒரே வரியில் மூடப்படும் மனுக்களை யாரும் படம் எடுத்துப் போட முடியாது.

■ பெட்டிச் செய்தி: கெடு தவறினால்?

• தகவல் உரிமைச் சட்டம் (2005): 30 நாளுக்குள் பதில் தர வேண்டும். காரணமின்றித் தாமதித்தால் நாளுக்கு 250 ரூபாய், அதிகபட்சம் 25,000 ரூபாய் அபராதம். அதைச் செலுத்த வேண்டியவர் பொதுத் தகவல் அலுவலரே.

• தகவல் உரிமைக்கு இந்தியாவிலேயே முதலில் சட்டம் இயற்றிய மாநிலம் தமிழ்நாடு (1997). விதிவிலக்குகள் நிறைய இருந்த சட்டம் அது.

• சேவை பெறும் உரிமைக்கு முதலில் சட்டம் கொண்டுவந்தது மத்தியப் பிரதேசம் (2010). அடுத்த ஆண்டே பீகார், கர்நாடகம் உள்ளிட்ட மாநிலங்கள் பின்தொடர்ந்தன.

• கர்நாடகத்தின் ‘சகாலா’ திட்டத்தில் விண்ணப்பதாரருக்கு ஓர் எண்ணும் கெடு தேதியும் தரப்படும். கெடு தவறினால் நாளுக்கு 20 ரூபாய், அதிகபட்சம் 500 ரூபாய் இழப்பீடு.

• நாடு முழுவதற்குமான சேவை உரிமை மசோதா 2011-ல் மக்களவையில் அறிமுகமானது. 2014-ல் அவை கலைந்தபோது மசோதாவும் காலாவதியானது.

அளப்பது புதிதல்ல

அரசு தன்னைத்தானே அளந்துகொள்வது நமக்குப் புதிய பழக்கம் இல்லை. ஆண்டுதோறும் தாலுகா அலுவலகத்தில் நடக்கும் ஜமாபந்தி, கிராமக் கணக்குகளை மேலதிகாரி நேரில் வந்து சரிபார்க்கும் வெள்ளைக்காரர் காலத்து ஏற்பாடு. பிரிட்டனில் ஜான் மேஜர் அரசு 1991-ல் கொண்டுவந்த ‘குடிமக்கள் சாசனம்’ 1997-ல் இந்தியாவுக்கும் வந்தது. இன்றும் பல அலுவலகச் சுவர்களில் சாயம் வெளிறித் தொங்குகிறது. 2005-ல் நிதியமைச்சர் ப.சிதம்பரம் ‘விளைவு பட்ஜெட்’டைத் தாக்கல் செய்தார். எவ்வளவு செலவழித்தோம் என்பதோடு, அதனால் என்ன கிடைத்தது என்றும் சொல்ல வேண்டும் என்பது அதன் நோக்கம். 2009-ல் மத்திய அமைச்சகங்களுக்கு மதிப்பெண் போடும் முறை அமைச்சரவைச் செயலகத்தில் தொடங்கியது. 2014 ஆட்சி மாற்றத்துக்குப் பின் அது கைவிடப்பட்டது. 2018-ல் பின்தங்கிய 112 மாவட்டங்களை 49 குறியீடுகளால் அளந்து தரவரிசைப்படுத்தும் திட்டம் வந்தது. தமிழ்நாட்டிலிருந்து ராமநாதபுரமும் விருதுநகரும் அதில் உண்டு.

ஆக, அளவுகோலுக்குப் பஞ்சமில்லை. அளக்கத் தொடங்கியதும் அரசு ஊழியர் என்ன செய்கிறார் என்பதில்தான் சிக்கல் ஆரம்பிக்கிறது.

எண்ணுக்காக வேலை

அமெரிக்காவில், அரிசோனா மாநிலத்தின் பீனிக்ஸ் நகரம். முன்னாள் ராணுவ வீரர்களுக்கான அரசு மருத்துவமனை. விண்ணப்பித்த 14 நாளுக்குள் மருத்துவரைப் பார்க்க வைக்க வேண்டும் என்று துறை இலக்கு வைத்தது. அதிகாரிகளின் மதிப்பீட்டிலும் அந்த எண்ணுக்கு இடம் இருந்தது. சராசரிக் காத்திருப்பு 24 நாள் என்று மருத்துவமனை கணக்குக் காட்டியது. 2014-ல் துறையின் தலைமை ஆய்வாளர் 226 பேரின் கோப்புகளை எடுத்துப் பார்த்தார். உண்மையான சராசரி 115 நாள். அதோடு, 1,700 வீரர்கள் அதிகாரபூர்வக் காத்திருப்புப் பட்டியலிலேயே இல்லை. பட்டியலில் ஏற்றினால்தானே நாள் எண்ண வேண்டும்? விவகாரம் வெடித்து, துறை அமைச்சர் எரிக் ஷின்செகி அந்த ஆண்டு மே 30 அன்று பதவி விலகினார்.

இங்கிலாந்தில் அவசர சிகிச்சைக்கு வருபவரை நான்கு மணி நேரத்துக்குள் கவனிக்க வேண்டும் என்று இலக்கு வைத்தார்கள். பலன் இருந்தது, காத்திருப்பு உண்மையிலேயே குறைந்தது. கூடவே ஒரு தந்திரமும் முளைத்தது. நோயாளி உள்ளே நுழைந்தால்தான் கடிகாரம் ஓடத் தொடங்கும் என்பதால், சில மருத்துவமனைகளில் ஆம்புலன்ஸ்களை வாசலிலேயே நிறுத்திவைத்தார்கள்.

நம் நாட்டில் இந்த இலக்கு வெறி எங்கே கொண்டுபோய் விடும் என்பதை நெருக்கடி நிலைக் காலம் காட்டியது. 1976-77 ஒரே ஆண்டில் சுமார் 80 லட்சம் பேருக்குக் குடும்பக் கட்டுப்பாட்டு அறுவை சிகிச்சை. பள்ளி ஆசிரியர் முதல் அதிகாரி வரை தலைக்கு இத்தனை ‘கேஸ்’ என்று கோட்டா. கொண்டுவராதவருக்குச் சம்பளம் நிற்கும். ஏழைகள் பிடித்துச் செல்லப்பட்டார்கள். அடுத்த தேர்தலில் ஆட்சியே கவிழ்ந்தது. ஆனாலும் கருத்தடைக்கு எண்ணிக்கை இலக்கு வைக்கும் முறையை நாடு முழுக்கக் கைவிட 1996 வரை ஆனது.

கழிப்பறைக் கணக்கைப் பாருங்கள். 2011 வாக்கில், கிராமப்புற வீடுகளில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்குக்குக் கழிப்பறை வசதி கிடைத்துவிட்டது என்பது துறையின் கணக்கு. அந்த ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பு வீடு வீடாகப் போய்ப் பார்த்தபோது இருந்தது 30.7 விழுக்காடு. துறை எண்ணியது கட்டக் கொடுத்த பணத்தை. கணக்கெடுப்பு எண்ணியது கழிப்பறையை. தூய்மை இந்தியா திட்டத்தில் மாற்றம் நிஜமாகவே பெரிது. அப்போதும் 2018-ன் பின்பாதியில் அரசின் இணையதளம் 90 விழுக்காட்டைத் தாண்டியதாகச் சொன்னபோது, தேசிய புள்ளியியல் அலுவலக ஆய்வில் கிடைத்தது 71.3 விழுக்காடு. உதவி கிடைக்கும் என்ற எண்ணத்தில் சிலர் இல்லை என்று சொல்லியிருக்கலாம் என்று ஆய்வறிக்கையே குறிப்பிட்டது. அந்தச் சந்தேகத்தின் பலனைக் கொடுத்த பிறகும் இடைவெளி சின்னதாக இல்லை.

இதில் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. பீனிக்ஸிலும் சரி, கழிப்பறையிலும் சரி, பொய்யை வெளியே கொண்டுவந்தது, கணக்கு எழுதியவர்களுக்கு வெளியிலிருந்து வந்த இன்னொரு அளவுகோல். துறையின் சொந்தக் கணக்கு ஒருபோதும் தன்னைத்தானே காட்டிக்கொடுக்கவில்லை.

கேமரா வைத்தால் சரியாகிவிடுமா?

‘எல்லாவற்றையும் ஆன்லைன் ஆக்கிவிட்டால் போதும்’ என்பது பலரின் நம்பிக்கை. நூறு நாள் வேலைத் திட்டத்தில் அதை முயன்று பார்த்தார்கள். 2023 ஜனவரி முதல் வேலைத்தளத்தில் நாளுக்கு இரண்டு முறை தொழிலாளர்களைப் படம் எடுத்துச் செயலியில் ஏற்றுவது கட்டாயமானது. சிக்னல் கிடைக்காத ஊர்களில் வேலை செய்தவர்களுக்கே வருகை பதிவாகாமல் கூலி போனது. வேலை செய்யாதவர்களோ வழி கண்டுபிடித்துவிட்டார்கள். 2025 ஜூலையில் ஊரக வளர்ச்சி அமைச்சகமே மாநிலங்களுக்குச் சுற்றறிக்கை அனுப்பி முறைகேடுகளைப் பட்டியலிட்டது. சம்பந்தமே இல்லாத படங்கள், படத்தையே படம் எடுத்து ஏற்றியது, படத்தில் இருப்பவர் எண்ணிக்கைக்கும் பதிவுக்கும் பொருந்தாதது என நீண்டது பட்டியல்.

ராஜஸ்தான் மாநிலம் உதய்பூரில் நடந்தது இன்னும் நுட்பமானது. கிராமத் துணைச் சுகாதார நிலையங்களில் செவிலியர்கள் வருவதே இல்லை என்று புகார். சேவா மந்திர் என்ற தொண்டு நிறுவனமும் மாவட்டச் சுகாதாரத் துறையும் சேர்ந்து நேரம் பதியும் கருவி வைத்தன. பாதி நாட்களுக்கு மேல் வராதவருக்குச் சம்பளப் பிடித்தம். அபிஜித் பானர்ஜி, எஸ்தர் டஃப்லோ, ரேச்சல் கிளென்னர்ஸ்டர் ஆகிய பொருளியலாளர்கள் இதைத் தொடர்ந்து ஆராய்ந்து 2008-ல் வெளியிட்டார்கள். முதல் சில மாதங்கள் வருகை கூடியது. 16 மாதம் கழிந்தபோது கருவி வைத்த நிலையங்களுக்கும் வைக்காதவற்றுக்கும் வித்தியாசமே இல்லை. கருவி பழுதாகவில்லை. செவிலியர்களுக்கு ‘கூட்டம்’, ‘வெளிப்பணி’ என்று காரணம் எழுதி விலக்கு அளித்த நாட்கள் கூடிக்கொண்டே போயின. அளவுகோலை முடக்கியது துறையின் மேல்மட்டமே.

கீழே இருப்பவரைக் கண்காணிக்க மேலே இருப்பவருக்கு விருப்பமில்லை என்றால் எந்தக் கருவியும் சில மாதத்துக்குத்தான்.

மரணத்தை மறைக்காமல் எண்ணிய மாநிலம்

இவ்வளவையும் படித்துவிட்டு ‘அரசாங்கம்னா இப்படித்தான்’ என்று சலித்துக்கொள்ள வேண்டியதில்லை. அளந்து, திருத்திக்கொண்டு, ஜெயித்துக் காட்டிய உதாரணம் நம்மிடமே இருக்கிறது.

பிரசவத்தில் இறக்கும் தாய்மார்களின் ஒவ்வொரு மரணத்தையும் தனித்தனியாக ஆராயும் வழக்கத்தைத் தமிழ்நாடு 1990-களிலேயே தொடங்கியது. இது வெறும் தலைக்கணக்கு இல்லை. வலி கண்ட நேரம் என்ன, வீட்டிலிருந்து கிளம்ப ஏன் தாமதம், வண்டி கிடைத்ததா, முதலில் போன ஆஸ்பத்திரியில் மருத்துவர் இருந்தாரா, ரத்தம் இருந்ததா, எத்தனை இடம் மாற்றி அனுப்பினார்கள் என்று ஒவ்வொரு மணி நேரத்தையும் கோத்துப் பார்ப்பார்கள். ஆட்சியர் தலைமையில் ஆய்வு நடக்கும். இறந்தவரின் உறவினரும் அதில் உட்கார்ந்து நடந்ததைச் சொல்லலாம். இந்த ஏற்பாடு பின்னாளில் நாடு முழுவதற்குமான வழிகாட்டு நெறியாகவும் ஆனது.

ஒரே மாதிரியான ஓட்டைகள் திரும்பத் திரும்பத் தெரிந்ததால் அடைப்பதும் சாத்தியமானது. ஆரம்ப சுகாதார நிலையங்களில் 24 மணி நேரப் பிரசவ வசதி, தாலுகா அளவில் அவசரப் பிரசவ மையங்கள், ரத்த சேமிப்பு வசதி, 108 ஆம்புலன்ஸ் எல்லாம் ஒன்றன் பின் ஒன்றாக வந்தன. மருந்து இல்லை என்ற பேச்சைக் குறைக்க 1994-ல் தமிழ்நாடு மருத்துவப் பணிகள் கழகம் உருவானது. ஒவ்வொரு மருத்துவமனைக்கும் வங்கிக் கணக்குப் போல ஒரு பாஸ்புக். கிடங்கில் என்ன இருக்கிறது, எது தீரப்போகிறது என்பது கணினியில் தெரியும். கேரளமும் ராஜஸ்தானும் அதைப் பார்த்துத் தங்கள் மாநிலங்களில் கழகம் அமைத்தன.

குறையே இல்லை என்று சொல்ல முடியாது. ஆய்வில் பழி கடைசியில் கிராம சுகாதாரச் செவிலியர் தலையிலேயே விழுகிறது என்ற புலம்பல் உண்டு. தன் எல்லையில் மரணம் பதிவாகிவிடக் கூடாதென்று கடைசி நேரத்தில் பெரிய ஆஸ்பத்திரிக்குத் தள்ளிவிடும் பழக்கமும் பேசப்படுகிறது. ஆனாலும் மொத்தக் கணக்கு பொய் சொல்லவில்லை. ஏனென்றால் அந்தக் கணக்கை எடுப்பது மாநிலச் சுகாதாரத் துறை அல்ல; தலைமைப் பதிவாளர் அலுவலகத்தின் மாதிரிப் பதிவு ஆய்வு.

■ பெட்டிச் செய்தி: ஒரு லட்சம் உயிர்ப் பிரசவங்களில் தாய் மரணம்

• 2001-03: தமிழ்நாடு 134, இந்தியா 301

• 2018-20: தமிழ்நாடு 54, இந்தியா 97

குறைதீர் மனுவுக்கும் இதற்கும் உள்ள வித்தியாசத்தைப் பாருங்கள். அங்கே கேள்வி, ‘எத்தனை முடித்தீர்கள்?’ இங்கே கேள்வி, ‘ஏன் இப்படி ஆயிற்று?’ அங்கே பாதிக்கப்பட்டவருக்குக் குறுஞ்செய்தி. இங்கே அவர் குடும்பத்துக்கு நாற்காலி. அங்கே எண்ணை எழுதுவதும் துறை, படிப்பதும் துறை. இங்கே சரிபார்க்க வெளியாள் இருக்கிறார்.

மக்கள் போட்ட மதிப்பெண்

அளவுகோலை மக்கள் கையிலேயே கொடுத்தால்? பெங்களூரில் அகமதாபாத் ஐ.ஐ.எம். முன்னாள் இயக்குநர் சாமுவேல் பால் அதைச் செய்து பார்த்தார். குடிநீர் வாரியம், மின்வாரியம், மாநகராட்சி, வளர்ச்சி ஆணையம் என்று ஒவ்வொரு அலுவலகத்தைப் பற்றியும் மக்களிடம் கருத்துக் கேட்டு, 1994-ல் பள்ளி மதிப்பெண் அட்டை போல வெளியிட்டார். வேலை முடிந்ததா, எத்தனை தடவை அலைந்தீர்கள், லஞ்சம் கேட்டார்களா என்பவைதான் கேள்விகள். முடிவுகள் படுமோசம். செய்தித்தாள்களில் அலுவலகவாரியாக அச்சானபோது சில அதிகாரிகளுக்குக் கோபம், சிலருக்கு வெட்கம். 1999-ல் இரண்டாவது அட்டையில் கொஞ்சம் முன்னேற்றம். 2003-ல் வந்த மூன்றாவது அட்டையில் தெளிவான முன்னேற்றம். சட்டம் எதுவும் இல்லை, அபராதம் இல்லை. பெயர் சொல்லி, ஒப்பிட்டு, திரும்பவும் அளப்போம் என்ற நிச்சயம் மட்டுமே இருந்தது.

தெலங்கானாவில் 2018-ல் விவசாயிகளுக்கு ‘ரைத்து பந்து’ காசோலை வழங்கியபோது வேறொரு சோதனை. காசோலை கையில் கிடைத்ததா, எப்போது கிடைத்தது என்று விவசாயிகளுக்கே போன் போட்டுக் கேட்கப்போகிறோம் என்று சில மண்டலங்களின் அதிகாரிகளிடம் மட்டும் முன்கூட்டியே சொன்னார்கள். பொருளியலாளர் கார்த்திக் முரளிதரனும் சக ஆய்வாளர்களும் ஒப்பிட்டுப் பார்த்ததில், சொல்லிவைத்த மண்டலங்களில் விநியோகம் மேம்பட்டிருந்தது. யாரும் தண்டிக்கப்படவில்லை. செலவோ, வழங்கிய தொகையோடு ஒப்பிட்டால் அற்பம்.

ராஜஸ்தானின் வழி இன்னும் நேரடியானது. சென்னையில் பிறந்து, ஐ.ஏ.எஸ். பதவியை 1975-ல் உதறிய அருணா ராய், கிராமத்துத் தோழர்களுடன் 1990-ல் தொடங்கிய அமைப்பு மஸ்தூர் கிசான் சக்தி சங்கடன். 1994 முதல் அவர்கள் ஊர்ப் பொதுவிடத்தில் ‘மக்கள் விசாரணை’ நடத்தினார்கள். பஞ்சாயத்தின் கூலிப் பட்டியலை ஒலிபெருக்கியில் உரக்கப் படிப்பார்கள். செத்துப்போனவர் கூலி வாங்கியிருப்பார். கட்டாத கட்டடத்துக்கு சிமெண்ட் பில் இருக்கும். தகவல் உரிமைச் சட்டம் பிறந்தது இந்தப் பந்தல்களில்தான். 2005-ன் ஊரக வேலை உறுதிச் சட்டம் கிராம சபையில் சமூகத் தணிக்கை செய்வதைக் கட்டாயமாக்கியது. மேகாலயா 2017-ல் அதைப் பிற அரசுத் திட்டங்களுக்கும் விரித்துச் சட்டமே இயற்றியது. கணக்குக் கேட்பது நமக்கும் புதிதல்ல. உத்திரமேரூர்க் கல்வெட்டில், ஊர் நிர்வாக வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாதவரும் அவரது நெருங்கிய உறவினரும் மறுபடி வாரியத்துக்கு வர முடியாது என்று 10-ம் நூற்றாண்டிலேயே எழுதிவைத்த மண் நம்முடையது.

அறிக்கைக்குப் பிறகு?

அளந்தாகிவிட்டது, தவறும் தெரிந்துவிட்டது. பிறகு?

2015 டிசம்பர் சென்னைப் பெருவெள்ளத்தை எடுத்துக்கொள்வோம். செம்பரம்பாக்கம் ஏரித் திறப்பு முதல் ஆக்கிரமிப்பு வரை ஆராய்ந்த இந்தியத் தணிக்கைத் துறைத் தலைவரின் அறிக்கை, அதை மனிதத் தவறால் வந்த பேரிடர் என்றே சொன்னது. அந்த அறிக்கை சட்டமன்றத்தின் மேசைக்கு வந்தது 2018 ஜூலையில். வெள்ளம் வடிந்து இரண்டரை ஆண்டு. சம்பந்தப்பட்ட நாற்காலிகளில் அதற்குள் வேறு ஆட்கள். அறிக்கை இரண்டு நாள் தலைப்புச் செய்தியானது. அதன் பிறகு பொதுக் கணக்குக் குழு, துறை விளக்கம் என்று வழக்கமான பாதை.

மேலே பொறுப்பு இப்படிக் கரைகிறது. கீழேயோ நேர்மாறு. திருப்புவனம் போல ஏதாவது வெடித்தால் முதலில் நடவடிக்கைக்கு ஆளாவது கடைநிலையில் இருப்பவர். பல ஊர்களில் ஒரு வி.ஏ.ஓ. பக்கத்துக் கிராமத்தையும் ‘கூடுதல் பொறுப்பு’ என்று சுமக்கிறார். நில அளவையருக்காகத் தாலுகாவே காத்திருக்கிறது. சான்றிதழ், பயிர்க் கணக்கு, வாக்காளர் பட்டியல், நிவாரணப் பட்டியல் எல்லாம் அதே கைகளில். ஆள் போடாத அரசு, கெடு மட்டும் வைத்தால் அவர் தள்ளுபடி வரியைத்தான் எழுதுவார். எனவே அளப்பதென்றால் இரு பக்கமும் அளக்க வேண்டும். ஊழியர் என்ன செய்தார் என்பதோடு, அரசு அவருக்கு என்ன கொடுத்தது என்பதும் கணக்கில் வர வேண்டும்.

மத்திய அரசின் குறைதீர்ப்புத் தளத்தில் 2022 முதல் கருத்துக் கேட்பு அழைப்பு மையம் இருக்கிறது. திருப்தி இல்லை என்றால் மேல்முறையீடும் செய்யலாம். நல்ல தொடக்கம். ஆனால் மேல்முறையீட்டைக் கேட்பவரும் அதே துறையின் மேலதிகாரிதான்.

செய்ய வேண்டியவை

முதலில், மனுவை ‘முடிந்தது’ என்று மூடும் அதிகாரம் அலுவலகத்திடமிருந்து மனுதாரருக்குப் போக வேண்டும். துறைக்குச் சம்பந்தமில்லாத ஒரு மையத்திலிருந்து மாதிரிக்குச் சில மனுதாரர்களை அழைத்துக் கேட்டாலே போதும். தெலங்கானா காட்டியபடி, கேட்கப்போகிறார்கள் என்ற எண்ணமே பாதி வேலையைச் செய்யும்.

இரண்டு, யார் மீது புகாரோ அவரிடமே அறிக்கை கேட்கும் வழக்கத்தை ஓர் அரசாணையில் நிறுத்தலாம்.

மூன்று, ஏற்றவை எத்தனை, தள்ளியவை எத்தனை, தள்ளியதற்குக் காரணம் என்ன, அந்த அலுவலகத்தில் காலிப் பணியிடம் எத்தனை என்று தாலுகாவாரியாக மாதந்தோறும் வெளியிட வேண்டும். தாமாக முன்வந்து தகவல் வெளியிடச் சொல்லும் தகவல் உரிமைச் சட்டத்தின் 4-வது பிரிவு ஏற்கெனவே இருக்கிறது.

நான்கு, சேவை பெறும் உரிமைச் சட்டம். அறப்போர் இயக்கமும் சட்டப் பஞ்சாயத்து இயக்கமும் பல ஆண்டுகளாகக் கேட்டு வருவது இது. கெடு தவறினால் அபராதமும், காத்திருந்தவருக்கு இழப்பீடும் என்று வந்தால்தான் ‘உங்கள் மனு பரிசீலனையில் உள்ளது’ என்ற வாக்கியத்துக்கு ஒரு விலை இருக்கும். அபராதமும் கடைநிலை ஊழியரோடு நின்றுவிடாமல் கோப்பு தங்கிய ஒவ்வொரு மேசைக்கும் பங்கு போகும்படி சட்டம் எழுதப்பட வேண்டும்.

ஐந்து, தணிக்கை அறிக்கை சட்டமன்றத்துக்கு வரவும், அதன் மீது துறை பதில் சொல்லவும் மீற முடியாத கெடு வேண்டும். குடிமகனுக்கு 45 நாள் சொன்ன அரசு, தனக்கும் ஒரு நாள் குறித்துக்கொள்வதே நியாயம்.

இவை எல்லாம் வரும்வரை வாசகர்கள் செய்யக்கூடியது ஒன்று உண்டு. மனு கொடுத்தால் ரசீது எண்ணை வாங்காமல் திரும்பாதீர்கள். ‘முடித்து வைக்கப்பட்டது’ என்று செய்தி வந்தால், எந்த அலுவலரின் எந்த அறிக்கையின் பேரில் முடித்தார்கள் என்று 10 ரூபாய் கட்டணத்தில் தகவல் உரிமை மனு போட்டு, அந்த அறிக்கையின் நகலைக் கேளுங்கள். தமிழ்நாட்டில் ஆண்டுக்கு ஆறு கிராம சபைகள் நடக்கின்றன: ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1. அடுத்த சபைக்குப் போகும்போது அந்த நகலையும் எடுத்துக்கொண்டு போய், ஊர் முன்னால் உரக்கப் படியுங்கள்.